பார்த்தாலே தெரியும்

கடைக்குள் நுழைகிற ஆளின் முகத்தைச் சைஸக்கா பார்ப்பதே இல்லை. அவள் கண் நேராகத் தரைக்குப் போகும். வந்தவர் நாற்காலியில் சாய்வதற்குள் உள்ளே போய், அடுக்கிலிருந்து ஒரு பெட்டியை உருவிக்கொண்டு வந்து, எதிரே முக்காலி போட்டு உட்கார்ந்துவிடுவாள். “நான் இன்னும் சைஸே சொல்லலையே” என்பார் வந்தவர். “எதுக்குச் சொல்லணும்? பார்த்தாலே தெரியுது” என்பாள். மாட்டிப் பார்த்தால் அளவெடுத்துச் செய்தாற்போல உட்காரும். கால் அளக்கிற இரும்புத் தட்டு ஒன்று அந்தச் செருப்புக் கடையிலும் உண்டு. மற்ற விற்பனைப் பெண்களுக்கு அது வேண்டும். சைஸக்கா அதைச் சரக்கு அறைக் கதவுக்கு முட்டுக்கொடுக்கத்தான் எடுப்பாள்.

கட்டியவன் வேறொருத்தியோடு ஓடிப்போன வருஷம் இந்த வேலைக்கு வந்தவள். மகள் அப்போதுதான் பள்ளிக்கூடம் போக ஆரம்பித்திருந்தாள், மகன் இடுப்பில் இருந்தான். அன்றைக்கு முக்காலியில் உட்கார்ந்தவள்தான், இன்னும் எழுந்திருக்கவில்லை. “ஊரார் காலைப் பிடிச்சுத்தான் பிள்ளைங்களை வளர்த்தேன். ஆனா ஒருத்தர் காலிலும் விழுந்ததில்லை” என்று சொல்லிக்கொள்வாள். சொல்லட்டும், சொல்லிக்கொள்ள அவளுக்கு உரிமை இருக்கிறது. உதவி செய்கிறேன் என்று வந்த சொந்தக்காரர்கள் செய்ததெல்லாம் அறிவுரைதான். அறிவுரையை வைத்து எந்தப் பிள்ளைக்குப் பால் வாங்க முடியும்?

ஆனால் சைஸோடு நிறுத்திக்கொண்டாளா என்றால், அதுதான் இல்லை. செருப்பின் குதிகால் வெளிப்பக்கம் தேய்ந்திருந்தால் ஆள் பிடிவாதம், உள்பக்கம் தேய்ந்திருந்தால் பயந்த சுபாவம் என்பாள். கூட வந்த பெண் பெண்டாட்டியா இல்லையா என்பதை இரண்டு பேரும் கால் நீட்டுகிற தினுசிலேயே சொல்வாள். கடையில் எல்லோரும் வாயைப் பிளந்து கேட்பார்கள். ஒரு தடவைகூட அவள் சொன்னது பொய்த்ததில்லை என்று பெயர். எப்படிப் பொய்க்கும்? சைஸ் தப்பினால் செருப்பு திரும்பி வரும். குணம் தப்பினால் யார் திரும்பி வந்து சொல்லப் போகிறார்கள்?

இந்தப் பெருமையோடுதான் ஒருநாள் அவள் தன் மகனைப் பார்க்க ஆரம்பித்தாள்.

மகனுக்கு நீச்சல் குளங்களில் தண்ணீரைச் சுத்தம் செய்கிற பம்புகளைப் பழுது பார்க்கிற வேலை. கல்யாண வயது வந்து, அது பாட்டுக்குப் போய்க்கொண்டும் இருந்தது. பெண் பார்க்கலாமா என்று கேட்டால் “இப்ப என்ன அவசரம்?” என்பான். நல்ல இடங்கள் தேடி வந்தும் போட்டோவைத் திருப்பிப் பார்க்கவில்லை. வேலை விட்டு வந்ததும் கைக்கு க்ரீம் தடவுவான். விரல் விரலாக, நகக்கண் விடாமல் தடவுவான். குளத்துத் தண்ணீர் மருந்தில் கை வெடித்துப் போகிறது என்று அவன் சொன்னது அவள் காதில் ஏறவில்லை. சட்டைக்கு அவனே இஸ்திரி போடுவான். போன் வந்தால் மொட்டை மாடிக்குப் போய்விடுவான். ஒல்லிப்பிச்சான் என்று வீட்டில் எல்லோரும் கூப்பிடும் ஒரு சிநேகிதன், பந்தாட்டம் பார்க்க வருகிறேன் என்று வந்து அவன் அறையிலேயே தூங்கிவிட்டுப் போவான். ஒவ்வொன்றாகப் பார்த்தால் ஒன்றுமே இல்லை. சந்தேகம் வந்த கண்ணுக்கு எல்லாம் சாட்சி.

முத்தாய்ப்பாக வந்தது அந்த ஷூ. ஒரு மத்தியானம் மகன் கடைக்கே வந்தான். “ஒரு ஃப்ரெண்டுக்கு ஷூ வேணும்மா. எட்டாம் நம்பர். முன்பக்கம் அகலமா, உள்ளே மெத்துனு இருக்கணும்” என்றான். அவனுடைய காலுக்கே ஐந்து நிமிஷத்தில் கிடைத்ததை மாட்டிக்கொண்டு போகிறவன், அன்றைக்குப் பெட்டி பெட்டியாகத் திறக்க வைத்தான். கடைசியில் வெளிர் நீலத்தில் ஒன்றை எடுத்து, கன்னத்தில் வைத்து மென்மை பார்த்தான். கயிறு வேறு நிறத்தில் வேண்டுமென்று அதையும் தேடிக் கோத்தான். ஆண்கள் ஷூவில்தான் எட்டு உண்டு. பெண்கள் அடுக்கு ஏழோடு முடிந்துவிடும். சைஸக்கா பெட்டியைக் கட்டிக் கொடுத்தாள். அடுத்த தடவை ஒல்லிப்பிச்சான் வந்து வாசலில் செருப்பைக் கழற்றியபோது அவள் கண் தரைக்குப் போயிற்று. எட்டு. அச்சாக எட்டு.

முதலில் அவளுக்கு வந்தது பயம்தான், அதை மறைப்பானேன். மறுநாள் பஸ்ஸில் வீட்டுக்கு வரும்போது இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டிப் போய்விட்டாள். பிள்ளையை யாராவது அடித்துவிடுவார்களோ, வேலையை விட்டுத் தூக்கிவிடுவார்களோ, கேலி பண்ணியே கொன்றுவிடுவார்களோ என்று நினைத்தாள். நினைக்க நினைக்கப் பயம் போய்க் கோபம் வந்தது. எவன் கேட்கிறான் பார்க்கலாம் என்று பல்லைக் கடித்தாள். என் வயிற்றில் பிறந்தவன், எனக்கு நோவு வந்தால் கஞ்சி வைத்துத் தருகிறவன், அவனுக்கு எவனைப் பிடித்தால் எவனுக்கு என்ன? கடையில் ஆள் இல்லாத நேரம் கண்ணாடிக்கு முன்னால் நின்று பேசிப் பழகினாள். செருப்புக் கடைக் கண்ணாடி முழங்காலுக்கு மேல் காட்டாது. அவள் தன் பாதங்களைப் பார்த்தே வீராவேசமாகப் பேசினாள்.

மகனிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் அல்லவா? அதை மட்டும் செய்யவில்லை. கேட்டுத் தெரிந்துகொள்கிற ஆள் இல்லையே அவள்.

அவளுக்கு ஒரு தம்பி. வக்கீல் மாமா என்று பிள்ளைகள் கூப்பிடுவார்கள். அவன் சட்டம் படித்தவன் இல்லை, டயர் விற்கிறவன். எதற்கெடுத்தாலும் வாதாடுவதால் வந்த பெயர். அவன் புது ஃப்ளாட் வாங்கிக் குடிபோன ஞாயிற்றுக்கிழமை எல்லோரையும் சாப்பிடக் கூப்பிட்டிருந்தான். சாப்பிட்டுக் கொண்டிருக்கும்போதே பால்கனிக் கதவு வழியாக எதிர் வீட்டைக் காட்டினான். அங்கே ஒரு ஆள் செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தான்.

“அவனைப் பாருங்க. நடையைப் பாருங்க, கையை வீசறதைப் பாருங்க. இன்னொரு ஆம்பளையோட குடித்தனம். கேட்டா ரூம்மேட்டாம். நமக்கென்ன கண்ணு அவிஞ்சா போச்சு? பார்த்தாலே தெரியும்.”

தம்பியின் மாமியார் வீட்டு ஆட்கள் சிரித்தார்கள். சைஸக்காவின் தட்டு சத்தத்தோடு மேஜைக்கு வந்தது.

“பார்த்தாலே தெரியுமா உனக்கு? என் பையனைப் பார்த்தா என்னடா தெரியுது? சொல்லு பார்க்கலாம்.”

“அக்கா, இப்ப யாரு அவனைப் பத்திப் பேசினா?”

“தெரியல இல்ல? அவனும் அப்படித்தான். அவனுக்குப் பொண்ணுங்க ஒத்து வராது. பெத்தவ எனக்குத் தெரியும். அதுக்கு இப்ப என்னங்கற? ஒருத்தராவது என் பிள்ளையைப் பார்த்து இப்படிச் சிரிச்சீங்க, மரியாதை கெட்டுப் போயிடும், சொல்லிட்டேன்.”

மகன் வாய்க்குக் கொண்டு போன கரண்டியை அப்படியே பிடித்துக்கொண்டிருந்தான். கை கழுவப் போயிருந்த மகள் குழாயை மூடினாள், ஆனால் திரும்பவில்லை.

“அம்மா, நீ என்ன சொல்ற?” என்றான் மகன்.

“பயப்படாதடா கண்ணா. அம்மா இருக்கேன்ல.”

மகன் அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு மாடிப்படிக்கு வந்தான். முகம் ரத்தமாகச் சிவந்திருந்தது. “யாரும்மா உனக்கு இதைச் சொன்னது?”

“யார் சொல்லணும்? அந்த ஷூவைக் கன்னத்துல வெச்சுப் பார்த்தியே. ஒல்லிப்பிச்சான் காலு எட்டுன்னு எனக்குத் தெரியாதா?”

மகன் படியில் உட்கார்ந்துவிட்டான். “அது அவனுக்கு இல்லம்மா. ஒரு பொண்ணுக்கு. பெரிய குளத்துல நீச்சல் சொல்லித் தர்ற டீச்சர். ரெண்டு வருஷமா நாங்க…”

“பொண்ணுக்கா எட்டு?”

பாருங்கள் இவளை. பெற்ற பிள்ளை காதலைச் சொல்கிறான், இவளுக்கு முதலில் வந்த கேள்வி இது.

எட்டுதான். சின்ன வயதிலிருந்து ஒவ்வொரு செருப்புக் கடையிலும் அந்தப் பெண்ணின் காலைப் பார்த்துச் சிரித்திருக்கிறார்கள். யாரிடமும் சொல்லக் கூடாது, அதுவும் செருப்புக் கடைக்கார அம்மாவிடம் சொல்லவே கூடாது என்று அவனிடம் சத்தியம் வாங்கியிருக்கிறாள். அளவு தப்பவில்லை, ஆள்தான் தப்பிவிட்டது. சைஸக்காவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. மகன் சிரிக்கவில்லை.

“நீ சிரிக்கற. உள்ளே மாமா யாருக்கோ போன் போட்டாச்சு. அவங்க அப்பா காதுக்குப் போனா என் கதி என்ன?”

போகாமல் இருக்குமா? வக்கீல் மாமாவின் வாய்க்கு எங்கே பூட்டு இருக்கிறது? அந்தப் பெண்ணின் அப்பா பல் டாக்டர். மாமாவின் கொழுந்தியாள் ஒருத்தி அந்த வாரமே அவரிடம் கடைவாய்ப் பல் பிடுங்கிக்கொள்ளப் போனாள். வாயைத் திறந்தபடியே எப்படிச் சொன்னாளோ தெரியாது, சொல்லிவிட்டாள். உன் குளத்தில் பம்ப் பழுது பார்க்கிற அந்தப் பையன் யார் என்று வீட்டில் பேச்சு வந்தபோது, அவனைத்தான் கட்டிக்கொள்ளப் போகிறேன் என்று நீச்சல் டீச்சர் சொல்லிவிட்டாள். டாக்டருக்கு இரண்டு இடி ஒன்றாக விழுந்தது.

அவர் ஒரேயடியாக மாட்டேன் என்று சொல்லவில்லை. பெண் அழுதிருக்கிறாள். அதனால் ஒரு நிபந்தனை போட்டார். வருகிற ஞாயிற்றுக்கிழமை பையனின் அம்மா, மாமா, அக்கா எல்லோரும் வர வேண்டும். அவருடைய மூத்த சகோதரியின் முன்னால் பையனின் அம்மா சொல்ல வேண்டும்: எங்கள் குடும்பத்தில் அந்த மாதிரி ஆள் யாரும் கிடையாது, எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. அதைக் கேட்ட பிறகுதான் தேதி குறிக்கிற பேச்சு.

“ஒரே ஒரு வரிதானேம்மா. எனக்காகச் சொல்லிடு” என்றான் மகன். மாடிப்படிக்குப் பிறகு அவளோடு அவன் பேசிய முதல் பேச்சு அது.

“இதென்ன பெரிய விஷயம். சொல்லிட்டாப் போச்சு. நான் கட்டின முடிச்சு, நானே அவிழ்க்கறேன்” என்றாள் சைஸக்கா. அவனிடம் மன்னிப்பும் கேட்டாள். பிள்ளையிடம் மன்னிப்புக் கேட்பது அவளுக்குப் புதிது.

சனிக்கிழமை சாயங்காலம் மகள் மறுநாளைக்கான துணிகளுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். மகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். அழகு நிலையத்தில் வேலை, மணப்பெண் அலங்காரத்தில் கெட்டிக்காரி. நீள முடி, உதட்டுச் சாயம், உயரக் குதிகால் இல்லாமல் தெருவில் இறங்க மாட்டாள். இவள் கல்யாணம் வேண்டாம் என்று தள்ளிக்கொண்டு வந்ததற்கும் சைஸக்கா ஒரு கணிப்பு வைத்திருந்தாள். அழகு நிலையத்து மேனேஜரை மனதில் வைத்திருக்கிறாள், அவன்தான் இழுத்தடிக்கிறான் என்பது அந்தக் கணிப்பு. அந்த மேனேஜரை ஒருநாள் நேரில் பார்த்து, கால் ஒன்பதரை, ஆள் நம்பக்கூடியவன்தான் என்று திருப்திப்பட்டுக்கொண்டும் வந்திருந்தாள்.

சைஸக்கா வெங்காயம் நறுக்கியபடி, மனப்பாடம் செய்கிற பிள்ளை மாதிரி அந்த வரியைச் சத்தமாகச் சொல்லிப் பார்த்தாள்.

“அம்மா, அதைச் சொல்லாதே” என்றாள் மகள்.

“ஏண்டி, குரல் சரியா இல்லையா?”

“பொய்ம்மா அது.” இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். “எனக்குப் பொண்ணுங்களைத்தான் பிடிக்கும். டிராவல்ஸ்ல வேலை பார்க்கிறாளே, இங்கே வந்து சாப்பிட்டுப் போவாளே. அவ என் ஃப்ரெண்டு இல்லம்மா. நானும் அவளும் ஒண்ணா இருக்கணும்னு இருக்கோம்.”

கத்தி நின்றது. சைஸக்கா கேட்டாள்: “ஐயையோ. அவளையா நான் உன் தம்பிக்குக் கேக்கலாம்னு சொன்னேன்?”

“அவ எதிர்லயே சொன்ன. காலு அஞ்சரை, நம்ம வீட்டுக்குப் பொருத்தமா இருப்பான்னு சொன்ன.”

இரண்டு பேரும் சிரித்தார்கள். சிரித்துக்கொண்டே இருக்கும்போது மகளின் சிரிப்பு மட்டும் உடைந்து அழுகையாயிற்று.

“மாமா வீட்ல நீ கத்தினப்போ நான் குழாயடியில நின்னுட்டிருந்தேன். எங்கம்மா இப்படிச் சண்டை போடுவாளான்னு இருந்தது. எத்தனை வருஷமா நான் பயந்துட்டிருந்தேன் தெரியுமா? அந்தச் சண்டை எனக்கு வர வேண்டியதும்மா. நீ அதைக் கொண்டு போய் அவனுக்குக் கொடுத்துட்ட.”

சைஸக்காவுக்கு வெங்காயத்தின் மேல் பழி போடத் தோன்றவில்லை. அழுதாள். “எனக்கு ஏண்டி தோணவே இல்ல? ஊர்ல இருக்கறவன் காலையெல்லாம் பார்த்தேனே.”

“தோணியிருந்தா மட்டும் என்ன? தோணினதை வெச்சு நீ என்ன பண்ணினன்னு பார்த்தோமே” என்றாள் மகள், கண்ணைத் துடைத்துக்கொண்டு. “என்னைப் பத்தி நாளைக்கு நீ எதுவும் சொல்லாதே. சொல்லணும்னா நான் சொல்லிப்பேன். ஆனா நான் பக்கத்துல உட்கார்ந்திருக்க, அப்படி யாருமே இல்லைன்னு மட்டும் சொல்லாதே.”

“அப்ப நீ வராம இருந்துடேன்.”

“நான் வீட்ல இருந்தா அது நிஜமாயிடுமா?”

சொன்னால் மகள் இல்லாதவள் ஆகிவிடுவாள். சொல்லாவிட்டால் மகனின் கல்யாணம் போய்விடும். மகனிடம் கலந்து பேசலாம் என்றால் மகளின் விஷயத்தை அவிழ்க்க வேண்டும். அவளுக்கு ஒரே கோபமாக வந்தது. யார் மேல் என்று முதலில் தெரியவில்லை, அப்புறம் தெரிந்தது. வாழ்நாளில் பார்த்தே இராத ஒரு பல் டாக்டர், தன் மகளை இல்லை என்று தன் வாயாலேயே சொல்லச் சொல்கிறார்.

ஞாயிற்றுக்கிழமை க்ளினிக் மூடியிருந்தது. டாக்டரின் வீடு மாடியில். ஆனால் மாடிக்கு ஏற்றுகிற அளவுக்கு இவர்கள் இன்னும் சம்பந்தி ஆகவில்லை போலிருக்கிறது, நோயாளிகள் காத்திருக்கிற கூடத்திலேயே உட்கார வைத்தார்கள். சுவரோரம் வரிசையாகப் பிளாஸ்டிக் நாற்காலிகள். சைஸக்கா, மகன், மகள், வக்கீல் மாமா என்று நான்கு பேரும் பல் பிடுங்க வந்தவர்கள் மாதிரி உட்கார்ந்திருந்தார்கள். எதிரே டாக்டரும் அவருடைய அக்காவும். நீச்சல் டீச்சர் வாசல் நிலைக்குத் தலை இடிக்கிற உயரத்தில் நின்றிருந்தாள். வெளிர் நீல ஷூ போட்டிருந்தாள். சைஸக்கா அதைப் பார்த்தாள், வாயைத் திறக்கவில்லை.

“நேரடியா விஷயத்துக்கு வந்துடலாம்மா. சொல்லுங்க” என்றார் டாக்டர்.

“என் பையன் விஷயத்துல நான் தப்பா கணிச்சேன், டாக்டர். அவனைக் கேக்காம நாலு பேர் முன்னாடி சொன்னது அதைவிடத் தப்பு. அவன்கிட்ட மன்னிப்புக் கேட்டுட்டேன். உங்க பொண்ணுகிட்டயும் கேக்கறேன்.”

“நல்லது. அடுத்தது?”

“அடுத்தது வராது.”

மகன் திரும்பி அவளைப் பார்த்தான். வக்கீல் மாமா அவள் முழங்கையை இடித்தான். “அக்கா, அந்த ஒரு வரி. குடும்பத்துல யாரும்…”

“எனக்கும் காது இருக்குடா. வராதுன்னு சொல்றேன்.”

“ஏன் வராது?” என்றார் டாக்டர்.

“பையனைப் பத்திச் சொன்னது தப்புன்னு ஒத்துக்கிட்டேன். அப்படி இருக்கறது தப்புன்னு நான் ஒத்துக்கலையே. என் குடும்பத்துல யார் யாரை விரும்பணும்னு உங்க வரவேற்பு அறையில உட்கார்ந்து உத்தரவாதம் எழுதித் தர நான் வரல.”

டாக்டர் கண்ணாடியைக் கழற்றினார். “அப்ப யாரோ இருக்காங்க.”

“இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். நான் ஒரு தடவை கணிச்சு வாங்கிக் கட்டிக்கிட்டாச்சு. ஆசையா இருந்தா நீங்க கணிச்சுப் பாருங்க.”

கூடத்தில் கண்கள் அலைய ஆரம்பித்தன. மனுஷ புத்தி, கணிக்காதே என்றாலே கணிக்கும், கணி என்றால் கேட்க வேண்டுமா? டாக்டரின் பார்வை முதலில் வக்கீல் மாமாவின் ரோஸ் சட்டையில் போய் நின்றது. அதிலிருந்து சென்ட் வாசனை வேறு வந்துகொண்டிருந்தது.

“என்னை ஏன் பார்க்கறீங்க? எனக்கு மூணு பிள்ளைங்க சார்!”

“பிள்ளைங்க இருந்தா?” என்றார் டாக்டரின் அக்கா. சாதாரணமாகத்தான் கேட்டார். மாமாவுக்கு வியர்த்துவிட்டது. சட்டைப் பொத்தானை மேலே வரைக்கும் போட்டுக்கொண்டான். வாழ்க்கையில் முதல் தடவையாக அவனுக்கு வாதம் கிடைக்கவில்லை.

பார்வை மகனுக்கு ஒரு தடவை திரும்பிப் போயிற்று. அங்கிருந்து சைஸக்காவுக்கு வந்தது. கட்டையாக வெட்டிய முடி, காலில் ஆண்பிள்ளைத் தோல் செருப்பு, கட்டியவன் போன பிறகு யாரையும் தேடிக்கொள்ளாத பெண்பிள்ளை. டாக்டர் தொண்டையைக் கனைத்தார். மகளை ஒருத்தரும் பார்க்கவே இல்லை. அவள் உதட்டுச் சாயத்தோடும் வளையலோடும் அத்தனை பேர் நடுவிலும் உட்கார்ந்திருந்தாள்.

“நான்தான்னு நினைக்கறீங்களா? சரி, நான்தான்னே வெச்சுக்குங்க. இப்ப என்ன, என் பல்லைப் பிடுங்கப் போறீங்களா?” என்றாள் சைஸக்கா.

“போதும்மா” என்று மகள் எழுந்தாள். “அம்மா இல்ல, டாக்டர். நான்.”

டாக்டர் சிரித்தார். நல்ல மனுஷன் சிரிக்கிற சிரிப்புதான். “உட்காரும்மா. அம்மாவைக் காப்பாத்தப் பார்க்கற, புரியுது.”

“காப்பாத்தல. எனக்குப் பொண்ணுங்களைத்தான் பிடிக்கும்.”

“உன்னைப் பார்த்தா அப்படித் தெரியலையேம்மா” என்றார் அவர், ஆறுதல் சொல்கிற குரலில்.

“இவளா? சின்ன வயசுலேர்ந்து பொம்மைக்குத் தலை வாரி விட்டவ சார் இவ” என்று மாமா சாட்சி சொன்னான்.

சைஸக்கா நாற்காலி நுனிக்கு வந்தாள். பையன் சொல்லாததை நம்பினார்கள், பெண் சொல்வதை நம்பவில்லை. மகன் விஷயத்தில் குளத்து மருந்துக்குத் தடவிய க்ரீம் போதுமானதாக இருந்தது, இவளுக்கு அவள் வாய்ச்சொல்லே போதவில்லை. கத்த வாயைத் திறந்தாள். மகள் கையைக் காட்டி அவளை நிறுத்தினாள்.

“நீங்க நம்பறதுக்கு நான் என்ன செய்யணும்? முடியை வெட்டிக்கட்டுமா? நடந்து காட்டவா? இல்ல, பல்லுல தெரியும்னா சொல்லுங்க, உள்ளே அந்த நாற்காலியில போய் வாயைத் திறந்துட்டுப் படுக்கறேன்.”

சிரிப்பு நின்றது. டாக்டர் அவளை அப்போதுதான் உண்மையில் பார்த்தார். மகன் அக்காவையே பார்த்துக்கொண்டிருந்தான்.

டாக்டர் குரலைத் தாழ்த்திக்கொண்டார். “சரி. நான் கல்நெஞ்சக்காரன் இல்ல. பையன் மேல குத்தம் இல்லைன்னு ஆயிடுச்சு. கல்யாணத்தை நடத்தலாம். ஆனா நாலு பெரிய மனுஷங்க வருவாங்க. இந்தப் பொண்ணு முன்னாடி வந்து நிக்காம, போட்டோவுல இல்லாம, கொஞ்சம் ஒதுங்கி இருந்துக்கட்டும். நான் கேக்கறது அவ்வளவுதான்.”

சைஸக்காவின் நாக்கு நுனிவரை பதில் வந்துவிட்டது. கல்யாணம் அவளுடையது இல்லை, மகனுடையது. அவன் என்ன சொல்வான்? அழுவானா, தலையாட்டுவானா, அக்கா நீ கொஞ்சம் ஒதுங்கிக்கோயேன் என்பானா? பழைய சைஸக்காவாக இருந்தால் இந்நேரம் ஒரு பார்வையிலேயே முடிவுகட்டி, அவனுக்கும் சேர்த்துப் பேசியிருப்பாள்.

“எனக்குத் தெரியல. நீ சொல்லுடா” என்றாள் மகனிடம். அதைச் சொல்ல அவளுக்குப் பயமாகத்தான் இருந்தது.

மகன் டாக்டரை விட்டு அக்கா பக்கம் திரும்பினான். “ஏன்க்கா என்கிட்ட சொல்லல?” என்றான்.

“நீ உன் ஆளைப் பத்தி என்கிட்ட சொன்னியா?”

“சொல்லல.”

“அப்ப சரியாப் போச்சு.”

அவன் நீச்சல் டீச்சரைப் பார்த்தான். அந்தப் பார்வையில் கெஞ்சல் இருந்தது, இல்லையென்று சொல்ல முடியாது. பிறகு எழுந்து அக்காவின் பக்கத்தில் போய் நின்றுகொண்டான். “எங்கக்கா இல்லாத போட்டோவுல நானும் இல்ல, டாக்டர்.”

“நானும் இல்லப்பா” என்றாள் நீச்சல் டீச்சர் நிலைப்படியிலிருந்து. “உங்களுக்குப் பெரிய மனுஷங்கதான் முக்கியம்னா, நீங்களும் அவங்களும் நின்னு போட்டோ எடுத்துக்குங்க.”

டாக்டர் மனம் மாறினார் என்று எழுத எனக்கும் ஆசைதான். மாறவில்லை. முகம் கறுத்துப் போய், எல்லோரும் கிளம்பலாம் என்றார். அவருடைய அக்கா மட்டும் வாசல் வரை வந்து, மகளின் கன்னத்தைத் தொட்டுவிட்டு உள்ளே போனார். நீச்சல் டீச்சர் மாடிக்குப் போய்ப் பையை எடுத்துக்கொண்டு வருகிறேன் என்று மகனிடம் சொன்னாள். அவன் அங்கேயே கீழ்ப்படியில் நின்றான். அவள் வரும்போது வரட்டும், அதையும் நாம் கணிக்க வேண்டாம்.

வெயில் சுள்ளென்று அடித்தது. சைஸக்காவும் மகளும் தெருவைக் கடக்க நின்றார்கள். சைஸக்கா மகளின் கையைப் பிடித்திருந்தாள், சின்னப் பிள்ளையாக இருந்தபோது பிடித்தது, அதற்கப்புறம் இன்றைக்குத்தான்.

“உன் டிராவல்ஸ் பொண்ணைச் சாயங்காலம் வரச் சொல்லு” என்றாள்.

“எதுக்கு?”

“அவ யாருன்னு எனக்குத் தெரியாதே. வந்து சொல்லட்டும், கேட்டுக்கறேன்.”

பின்னாலிருந்து வக்கீல் மாமா மூச்சிரைக்க ஓடிவந்தான். மேல் பொத்தானை இன்னும் கழற்றவில்லை. “மானம் போச்சேக்கா! நான் எத்தனை பேர்கிட்ட சொல்லி வெச்சிருக்கேன். அவங்க கேட்டா இப்ப நான் என்ன சொல்வேன்?”

சைஸக்கா பதில் சொல்லத் திரும்பினாள். மகள் முந்திக்கொண்டாள். கையிலிருந்த தன் போனை அவனிடம் நீட்டினாள்.

“அன்னைக்குச் சொன்ன அத்தனை பேருக்கும் திரும்பப் போன் போடுங்க மாமா. ஆளை மாத்திச் சொல்லிட்டேன், அவன் இல்ல, அவன் அக்கான்னு சொல்லுங்க. உங்க போன்ல சார்ஜ் இல்லைன்னா இந்தாங்க, இதுல பேசுங்க. நான் இங்கேதான் நிக்கறேன்.”